மூங்கிலைப் பற்றி மட்டும்

ஷ்வார்ஸ்பாக், எர்ட்ஸ் மலை
12 நவம்பர் 1995

அன்புள்ள ஃபால்கோ,

என் கையெழுத்தை உறையில் பார்த்ததும் பதறாதே. இங்கே யாரும் சாகவில்லை. வக்கீல் விஷயமும் இல்லை. உன் மூங்கிலைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

செப்டம்பரில் நீதிமன்றம் உங்கள் இருவரையும் பிரித்துவைத்த அன்று சில்கெ வீட்டுக்கு வந்து, கோட்டைக்கூடக் கழற்றாமல் சொன்னாள்: "அம்மா, இனிமே அவனுக்கு நீ போனும் பண்ணக் கூடாது, லெட்டரும் போடக் கூடாது. எனக்கு முடிஞ்சது உனக்கும் முடிஞ்சது." பெற்ற மகளுக்கு அடங்கிப் போகிற ஆள் நான் இல்லை என்று உனக்குத் தெரியும். ஆனால் அன்றைக்கு அவள் முகத்தைப் பார்த்ததும் எனக்கு எதிர்த்துப் பேச வாய் வரவில்லை.

முதல் பனி இந்த வாரம் விழுந்தது. சமையலறை ஜன்னலுக்கு வெளியே உன் மூங்கில் தலையைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றது. சில்கெயிடம் சொன்னேன்: "இத நட்டது அவன். வருஷா வருஷம் வேலை பாக்கற ஓல்டன்புர்க்லேர்ந்து வந்து மூடிவச்சிட்டுப் போனதும் அவன். எனக்கு என்ன தெரியும்? செத்துப் போனா என்னைக் கேக்காத." அவள் நோட்டுத் திருத்திக்கொண்டிருந்தாள். தலை தூக்காமலே தீர்ப்புச் சொன்னாள்: "சரி. அந்த மூங்கில் உயிரோட இருக்கற வரைக்கும் எழுதிக்கோ. மூங்கிலைப் பத்தி மட்டும். வேற ஒரு வார்த்தை இருக்கக் கூடாது."

ஆக, சட்டம் இதுதான். மூங்கில் இருந்தால் நாம் பேசலாம். அது போய்விட்டால் நீ யாரோ, நான் யாரோ. ஒன்பது வருடம் என் மேசையில் சாப்பிட்ட பிள்ளையை ஒரு புல் கையில் ஒப்படைத்திருக்கிறார்கள். எனக்கு இது பிடிக்கவே இல்லை.

நான் இதுவரை செய்ததைச் சொல்கிறேன், திட்டாதே. இறந்தோர் ஞாயிறு வருவதற்குள் உன் மாமனார் வெர்னரின் கல்லறையை ஊசியிலைக் கிளைகளால் மூடினேன். கிளைகள் மீந்துபோயின. எனக்குத் தெரிந்த குளிர்காலப் பாதுகாப்பு அது ஒன்றுதானே? மூங்கிலைக் கயிறு போட்டுத் தரையோடு சாய்த்து, கல்லறைக்கு அடுக்குவது போலவே கிளைகளை அழகாக அடுக்கிவிட்டேன். பக்கத்து வீட்டு ஊலிக் வேலிமேல் கையை ஊன்றிக்கொண்டு, "என்ன ரோஸ்விதா, தோட்டத்துலயே பொதைக்க ஆரம்பிச்சிட்டீங்க? யாரு உள்ள?" என்று கேட்டார். செப்டம்பருக்குப் பிறகு சில்கெ சிரித்தது அன்றைக்குத்தான்.

இது சரியா? இந்தக் கோடையில் ஒரு புதுக் குருத்துகூட வரவில்லை, இலையும் குறைச்சல். அது ஏன்? என் முழங்கால் பற்றி எழுதச் சட்டத்தில் இடமில்லை. மூங்கிலுக்குப் பக்கத்தில் என்னால் குனிய முடியவில்லை என்று மட்டும் தெரிவித்துக்கொள்கிறேன்.

மூங்கிலின் காவல்காரி,
ரோஸ்விதா


ஓல்டன்புர்க்
19 நவம்பர் 1995

அன்புள்ள அத்தைக்கு,

அத்தை என்று எழுதலாமா என்று பேனாவைப் பிடித்துக்கொண்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன். வேறு எப்படி அழைப்பது என்று எனக்குத் தெரியவில்லை. மூங்கிலுக்கும் நீங்கள் அத்தைதான் என்று வைத்துக்கொள்வோம்.

முதலில் அந்தக் கல்லறையைப் பிரித்துவிடுங்கள். தரையோடு சாய்த்து மூடினால் உள்ளே ஈரம் சேர்ந்து அழுகிவிடும். அது நிமிர்ந்து நிற்கட்டும். இடுப்பில் மட்டும் ஒரு கயிறு, தளர்வாக. பள்ளிக்கூட மைதானத்தில் விழுந்து கிடக்கும் மேப்பிள் இலைகளை மூட்டையாகக் கொண்டுவந்து காலடியில் முழங்கால் உயரத்துக்குக் குவியுங்கள். காற்று அடித்துப் போகாமலிருக்க அதன்மேல் உங்கள் ஊசியிலைக் கிளைகளை வைக்கலாம். கிழக்குப் பக்கம் இரண்டு கம்பு நட்டு உருளைக்கிழங்குச் சாக்கைத் தொங்கவிடுங்கள். காலை வெயில் உறைந்த இலைமேல் நேராகப் படக் கூடாது. பிளாஸ்டிக் மட்டும் வேண்டவே வேண்டாம்.

இன்னொன்று, இதுதான் முக்கியம். தரை உறைவதற்கு முன்னால் வயிறு நிறையத் தண்ணீர் கொடுங்கள். மூங்கில் குளிரால் சாவதில்லை, அத்தை. குளிர்காலத்திலும் அதற்கு இலை இருக்கிறது, இலை இருந்தால் தாகம் இருக்கும். வேர் இருக்கும் மண் கல்லாகிவிட்டால் உறிஞ்ச ஒன்றும் கிடைக்காது. சுற்றிலும் அவ்வளவு பனி கிடக்க, அது தாகத்தில் செத்துப்போகும். நான் முதல் வருடம் இதைப் படித்தபோது நம்பவில்லை.

குருத்து ஏன் வரவில்லை என்று எனக்கும் புரியவில்லை. கோடையில் மழை குறைவாக இருந்திருக்கலாம்.

எல்லைச் சுவர் விழுந்த பிறகு நாம் முதன்முதலாக மேற்கு ஜெர்மனிக்குப் போனது நினைவிருக்கிறதா? ஊரே வாழைப்பழமும் வானொலிப் பெட்டியுமாகத் திரும்பியது. நான் ட்ரபாண்ட் காரில் இதை மடியில் வைத்துக்கொண்டு வந்தேன். நீங்கள் பின்சீட்டில் இருந்து, "இலை என் காதுக்குள்ள போகுதுடா" என்று வழி முழுக்கச் சத்தம் போட்டீர்கள். இதுவும் மூங்கில் பற்றியதுதான், எழுதலாம் அல்லவா?

என் பால்கனித் தொட்டியிலும் ஒரு மூங்கில் இருக்கிறது. அது நலம். மின்வாரிய வேலை நிரந்தரமாகிவிட்டது என்று அதற்குத் தெரியும். இங்கே மழை பக்கவாட்டில் பெய்கிறது என்றும் குறைப்பட்டுக்கொள்கிறது.

மூங்கில் சொந்தம்,
ஃபால்கோ


ஷ்வார்ஸ்பாக்
10 டிசம்பர் 1995

அன்புள்ள ஃபால்கோ,

கல்லறை பிரிக்கப்பட்டது. இறந்தவர் எழுந்து நிற்கிறார். "இவ்ளோ சீக்கிரம் உயிர்த்தெழுந்துட்டாரே, ஈஸ்டர் வரைக்கும் பொறுக்க மாட்டாரா?" என்றார் ஊலிக்.

இலை மூட்டைகளை யார் கொண்டுவந்தது தெரியுமா? சில்கெ. "ஸ்கூல்ல எப்படியும் கொட்டத்தான் போறாங்க" என்று சொல்லித் தள்ளுவண்டியில் தள்ளிக்கொண்டு வந்து, வாசலில் தொம்மென்று போட்டுவிட்டு மாடிக்குப் போய்விட்டாள். சாக்கு கட்டியாகிவிட்டது. தண்ணீரும் விட்டேன். பனிக்குல்லாய் போட்டுக்கொண்டு பூவாளியோடு நின்ற என்னைப் பார்த்து ஊலிக் தன் மனைவியை ஜன்னலுக்குக் கூப்பிட்டுக் காட்டினார். நான் கையை ஆட்டினேன்.

எனக்கு ஒரு சந்தேகம். குளிர் கடுமையாகும் காலைகளில் இலைகள் நீளவாக்கில் சுருண்டு ஊசி மாதிரி ஆகிவிடுகின்றன. மத்தியானம் கொஞ்சம் விரிகின்றன. நான் வெப்பமானியை மூங்கிலுக்கு எதிரே தொங்கவிட்டு, எத்தனை டிகிரியில் சுருளுகிறது என்று பார்க்கிறேன். இந்த வயதில் எனக்கு இப்படி ஒரு பைத்தியம் பிடிக்கும் என்று யார் நினைத்தது? காலையில் காபி போடுவதற்கு முன்னால் ஜன்னலுக்குத்தான் போகிறேன். அது சுருளுவது வலியாலா, புத்திசாலித்தனத்தாலா? சொல்லு.

உன் கடிதம் வந்தால் சில்கெ அதைத் தொடுவதில்லை. சூப் குடித்துக்கொண்டே கேட்கிறாள்: "மூங்கில் என்ன சொல்லுது?" நான் சொல்கிறேன். மழை பக்கவாட்டில் பெய்கிறதாம் என்றேன். "ம்" என்றாள். வேலை நிரந்தரமாகிவிட்டதாம் என்றேன். அதற்கும் "ம்" தான். ஆனால் அந்த இரண்டாவது "ம்" கொஞ்சம் நீளமாக இருந்தது.

ஊரில் எல்லா ஜன்னலிலும் கிறிஸ்துமஸ் மெழுகுவத்தி வளைவு ஏற்றியாயிற்று. நம் வளைவை நீ செய்துகொடுத்த மின்விளக்கோடு சமையலறை ஜன்னலில் வைத்திருக்கிறேன். மூங்கிலுக்கு வெளிச்சம் வேண்டும் என்பதற்காக.

தனிப் பொட்டலத்தில் கிறிஸ்துமஸுக்கு ஒரு ஸ்டோலன் இனிப்பு ரொட்டி அனுப்பியிருக்கிறேன். அது உன் தொட்டி மூங்கிலுக்கு. இந்த வருடம் திராட்சையில் கஞ்சத்தனம் செய்யவில்லை.

ரோஸ்விதா


ஓல்டன்புர்க்
22 டிசம்பர் 1995

அன்புள்ள அத்தைக்கு,

தொட்டி மூங்கில் ஸ்டோலன் ரொட்டியில் பாதியை ஒரே மாலையில் தின்றுவிட்டது. வெட்கமே இல்லை அதற்கு.

இலை சுருளுவது புத்திசாலித்தனம்தான். இலைப்பரப்பு குறைந்தால் தண்ணீர் செலவும் குறையும். குடையை மடக்கிக்கொள்வது போல. வலியும் இருக்கலாம், யார் கண்டது. நாள் முழுக்க விரியாமலே இருந்தால்தான் கவலைப்பட வேண்டும். பனி உருகும் நாள் வந்தால் உடனே தண்ணீர் விடுங்கள், ஜனவரியாக இருந்தாலும் சரி.

எந்த டிகிரியில் சுருளுகிறது என்பதை எனக்கும் எழுதுங்கள். நான் அதைக் கவனித்ததே இல்லை. ஐந்து வருடம் மூடிவைத்தேன், நின்று பார்த்ததில்லை.

உங்களுக்கும் வீட்டில் உள்ளவர்களுக்கும் கிறிஸ்துமஸ் வாழ்த்து என்று மூங்கில் சொல்லச் சொன்னது.

ஃபால்கோ


ஷ்வார்ஸ்பாக்
8 ஜனவரி 1996

அன்புள்ள ஃபால்கோ,

ஒரு பெரிய தப்பு நடந்துவிட்டது. வருடப் பிறப்பு கழிந்து பனி கொட்டியது. ஈரப்பனி முதலில், அதன்மேல் உறைபனி. காலையில் பார்த்தால் மூங்கிலைக் காணோம். சாக்கு இருக்கிறது, கம்பு இருக்கிறது, நடுவில் ஒரு வெள்ளைக் குவியல். ஓடிப்போய்க் கம்பளம் தட்டும் பிரம்பை எடுத்துவந்தேன். பனியில் கம்பளத்தை விரித்து அடித்துத் தூசி போக்குகிற கை இது, சும்மா இருக்குமா? நன்றாக விளாசினேன். நாலு அடியில் கழிகள் கண்ணாடிக் குழாய் மாதிரி படபடவென்று உடைந்தன. ஏழெட்டு இருக்கும். எண்ணிப் பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

சத்தம் கேட்டு சில்கெ ராத்திரி அங்கியோடு வெளியே வந்தாள். என் கையிலிருந்து பிரம்பைப் பிடுங்கினாள். "என்னம்மா பண்ற? கொல்லப் பாக்கறியா?" என்று கத்தினாள். "காப்பாத்தறேன்டி!" என்று நானும் கத்தினேன். இரண்டு பேரும் பனியில் நின்று அழுதோம். ஒரு செடிக்காக அழுதோம் என்று ஊலிக் நினைத்திருப்பார்.

இனி என்ன செய்வது? உடனே எழுது.

ரோஸ்விதா


ஓல்டன்புர்க்
13 ஜனவரி 1996

அன்புள்ள அத்தைக்கு,

ஒன்றும் குடிமுழுகிப் போகவில்லை. உடைந்தவற்றை மார்ச்சில் அடியோடு வெட்டலாம். இப்போது தொடாதீர்கள், அவை மற்றவற்றுக்குக் காற்றுத் தடுப்பாக இருக்கட்டும்.

பனியில் மூங்கில் தரையைத் தொடும்வரை வளையும். வளையட்டும். உருகியதும் தானாக எழுந்து நிற்கும், நீங்களே பார்ப்பீர்கள். உறைந்திருக்கும்போது மட்டும் யாரும் அதை அடிக்கவோ நிமிர்த்தவோ கூடாது. புதுப்பனி பொடியாக இருக்கும்போது துடைப்பத்தை அடியிலிருந்து கொடுத்து மெதுவாக அசைத்தால் போதும். பனிக்குள்ளே கிடப்பது அதற்கு நல்லதும்கூட. வெளியே இருபது டிகிரி இறங்கினாலும் உள்ளே அவ்வளவு குளிராது.

இங்கே பனி இல்லை, காய்ந்த உறைகுளிர் மட்டும். தொட்டியைச் சுவரோரம் நகர்த்தி, சாக்கு சுற்றியிருக்கிறேன். நேற்று வெயில் வந்ததும் தண்ணீர் விட்டேன். பூவாளி இரண்டையும் நானே மாடிக்குத் தூக்கவேண்டியிருக்கிறது, மைக்கெ இப்போது கனமானது தூக்கக் கூடாது என்பதால்.

சில்கெ பிரம்பைப் பிடுங்கியது நல்லது.

ஃபால்கோ


ஷ்வார்ஸ்பாக்
21 ஜனவரி 1996

அன்புள்ள ஃபால்கோ,

நீ சொன்னது நடந்தது! வெள்ளிக்கிழமை தெற்கிலிருந்து காற்று வந்து பனி இளகியது. நான் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டே ஜன்னல் பக்கம் உட்கார்ந்திருந்தேன். ஒரு கழி முதலில் லேசாக உதறியது. அப்புறம் மேலே இருந்த பனிக்கட்டியைச் சறுக்கிவிட்டு, விசுக்கென்று எழுந்து நின்றது. யாரோ தோளைத் தட்டி எழுப்பியது போல. பிறகு இன்னொன்று. நான் கத்தியைப் போட்டுவிட்டுக் கைதட்டினேன். சில்கெ மாடியிலிருந்து, "டிவில என்னம்மா?" என்று கேட்டாள். "டிவி இல்லடி, வந்து பாரு" என்றேன். வந்தாள். இருவரும் சாயங்காலம்வரை பார்த்தோம். உருளைக்கிழங்கு கறுத்துப்போனது.

அன்றே தண்ணீரும் விட்டேன். ஊலிக் பொறுக்கமாட்டாமல் வேலியைச் சுற்றி வந்து, "பனிக்கு நடுவுல நின்னுட்டு தண்ணி ஊத்துறீங்க! டாக்டரப் பாத்தீங்களா ரோஸ்விதா?" என்றார். தாகத்தைப் பற்றி விளக்கினேன். மறுநாள் அவர் தன் ரோஜா வேலிக்குப் பக்கத்தில் பூவாளியோடு நின்றதைப் பார்த்தேன். அதற்குத் தண்ணீர் தேவையே இல்லை.

சுருளும் கணக்கு: பூஜ்யத்துக்குக் கீழே எட்டில் சுருள ஆரம்பிக்கிறது, பன்னிரண்டில் ஊசி.

இப்போது மூங்கில் பற்றி ஒரு கேள்வி. மைக்கெ யார்? அவள் ஏன் பூவாளி தூக்கக் கூடாது?

ரோஸ்விதா


ஓல்டன்புர்க்
28 ஜனவரி 1996

அன்புள்ள அத்தைக்கு,

மைக்கெ இங்கே என்னோடு இருக்கிறாள். நூலகத்தில் வேலை. அவளுக்கு முதுகுவலி.

எட்டு டிகிரி கணக்கு அருமை. இந்த வருடக் குளிர் நீளும் என்கிறார்கள். காலடியில் இன்னும் இரண்டு மூட்டை இலை போட முடியுமா?

ஃபால்கோ


ஷ்வார்ஸ்பாக்
11 பிப்ரவரி 1996

திரு. ஃபால்கோ அவர்களுக்கு,

மூங்கில் நலம். இலைகள் சுருண்டுள்ளன. பனியின் உயரம் ஜன்னல் விளிம்பு வரை. இரண்டு மூட்டை இலை போடப்பட்டது. சாக்கு ஒன்று கிழிந்து மாற்றப்பட்டது. வேறு செய்தி இல்லை.

ரோஸ்விதா


ஓல்டன்புர்க்
18 பிப்ரவரி 1996

அன்புள்ள அத்தைக்கு,

உங்கள் கடிதத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தேன். சட்டத்தை இவ்வளவு ஒழுங்காக நீங்கள் கடைப்பிடித்தது எனக்குப் பயமாக இருக்கிறது. என்னைத் திட்டியாவது எழுதுங்கள். மூங்கில் முழங்காலைப் பற்றி ஏதாவது சொல்லியதா? வழுக்காமல் இருக்கப் படிகளில் உப்பு தூவுகிறார்களா? ஊலிக் என்ன சொன்னார்?

இந்தக் குளிரில் நீங்கள் பூவாளி தூக்க வேண்டாம்.

ஃபால்கோ


ஷ்வார்ஸ்பாக்
17 மார்ச் 1996

அன்புள்ள ஃபால்கோ,

ஒரு மாதம் உனக்குப் பதில் போடவில்லை. கோபம் என்று நினைத்திருப்பாய். கோபம்தான். ஆனால் உன்மேல் எவ்வளவு, யார்மேல் எவ்வளவு என்று பிரித்துப் பார்க்கத்தான் எனக்கு ஒரு மாதம் பிடித்தது.

முதுகுவலியாம்! நான் பிள்ளை பெற்றவள் அப்பா. பூவாளி தூக்காத முதுகுவலி எத்தனை மாதம் இருக்கும், எப்போது தீரும் என்று எனக்குத் தெரியாதா? நீங்கள் இருவரும் ஒரு குழந்தைக்காக லைப்சிக் ஆஸ்பத்திரிக்கு அலைந்த வருடங்களில் நான்தான் மேசையில் சூப்பை மூடிவைத்துக்கொண்டு காத்திருந்தேன். ஒவ்வொரு முறையும் சில்கெ காரிலிருந்து இறங்கும் விதத்தைப் பார்த்தே தெரிந்துகொள்வேன். நீ கார் கதவை எவ்வளவு மெதுவாகச் சாத்துவாய் என்பதும் நினைவிருக்கிறது. அதனால்தான் கோபம். உனக்குச் சந்தோஷம் வந்திருக்கிறது, அதை நான் கேட்கவும் முடியாது, அவளிடம் சொல்லவும் முடியாது. போன மாதம் அவள் "மூங்கில் என்ன சொல்லுது?" என்று கேட்டபோது, "முதுகு வலிக்குதாம்" என்று உளறிவிட்டேன். "மூங்கிலுக்கு ஏதும்மா முதுகு?" என்று சொல்லிவிட்டு என்னையே பார்த்தாள். நான் பாத்திரம் கழுவப் போய்விட்டேன்.

இதில் மூங்கில் இல்லை, தெரியும். இதோ மூங்கில்: இன்னும் பனிக்குள்ளே இருக்கிறது. நேற்று கையை உள்ளே விட்டு ஒரு கழியை நகத்தால் கீறிப் பார்த்தேன். உள்ளே பச்சை.

பிழைத்துவிடும் என்று நினைக்கிறேன். பிழைக்கத்தான் வேண்டும். அது போய்விட்டால் இந்த மாதிரிக்கூட உன்னைத் திட்ட எனக்கு வழி கிடையாது.

ரோஸ்விதா


ஷ்வார்ஸ்பாக்
12 மே 1996

அன்புள்ள ஃபால்கோ,

ஜெயித்துவிட்டோம்! இவ்வளவு நீளமான குளிர்காலம் ஊலிக்குக்கே நினைவில் இல்லையாம். அவருடைய ரோஜாவில் பாதி போயிற்று. பள்ளிக்கூட வேலிச் செடிகள் முழுக்கக் காய்ந்தன. உன் மூங்கில் மட்டும் பனி போனதும் எழுந்து நின்றது. நான் சாக்கை அவிழ்த்து, உடைந்த கழிகளை அடியோடு வெட்டினேன். சுருண்ட இலைகள் விரிந்தன. ஊலிக் வேலியோரம் வந்து தொப்பியைக் கழற்றினார், சத்தியமாக. "ஒத்துக்கறேன் ரோஸ்விதா" என்றார்.

நீ ஏப்ரல் முழுக்க எழுதவில்லை. முதுகுவலி அதிகமாக இருந்திருக்கும்.

ஒரு அதிசயம் நடக்கிறது, அதைத்தான் கேட்க வேண்டும். புது இலைக்குப் பதிலாக ஒவ்வொரு கிளை நுனியிலும் குஞ்சம் மாதிரி வருகிறது. ஓட்ஸ் கதிர் பார்த்திருப்பாயே, அப்படி. ஊதாவும் பழுப்புமாக இருக்கிறது. காற்றடித்தால் அதிலிருந்து மஞ்சள் தூள் பறக்கிறது. செடி முழுக்க, ஒரு கிளை விடாமல். நான் பூதக்கண்ணாடி வைத்துப் பார்த்தேன். சில்கெ பள்ளியிலிருந்து நல்ல கண்ணாடி கொண்டுவந்து அவளும் பார்த்தாள். "அழகா இருக்கும்மா, என்னது இது?" என்றாள். இந்தக் கேள்வியை அவளுக்காகவும் சேர்த்துக் கேட்கிறேன்.

ஒரு குஞ்சத்தை உறைக்குள் வைத்திருக்கிறேன். குளிரைத் தாண்டி வந்ததற்கு இது அதன் கொண்டாட்டமா?

மூங்கிலின் காவல்காரி,
ரோஸ்விதா


ஓல்டன்புர்க்
19 மே 1996

அன்புள்ள அத்தைக்கு,

உறையைப் பிரித்ததும் குஞ்சம் மேசையில் விழுந்தது. நான் எழுந்து பால்கனிக்குப் போய்விட்டேன். என் தொட்டி மூங்கிலிலும் அதேதான் வந்திருக்கிறது. எங்கள் தெருக்கோடியில் ஒரு வீட்டு வேலியில், பூங்காவில், எங்கே பார்த்தாலும் அதேதான்.

அது பூ, அத்தை.

இந்த மூங்கில் ஒரு மனிதனின் ஆயுளுக்கு ஒரு முறைதான் பூக்கும். பூத்தால் செத்துப்போகும். தன்னிடமிருக்கும் எல்லாவற்றையும் விதைக்குக் கொடுத்துவிடும். சாக்கு, இலை, தண்ணீர் எதுவும் உதவாது. நீங்கள் எந்தத் தப்பும் செய்யவில்லை. போன கோடையில் குருத்து வராததே அதற்கு அறிகுறி, எனக்குத்தான் தெரியாமல் போயிற்று.

மைக்கெ நூலகத்தில் தேடிப் படித்துச் சொன்னாள். ஐரோப்பாவில் இருக்கும் இந்த வகை மூங்கில் எல்லாமே வெகு காலத்துக்கு முன்னால் சீனாவிலிருந்து வந்த ஒரே செடியின் பிள்ளைகளாம். வெட்டி வெட்டிப் பிரித்து நட்டார்கள். டென்மார்க்கில் இருந்தாலும் சரி, நம் மலையில் இருந்தாலும் சரி, உள்ளுக்குள் அது ஒரே செடி. அதனால் ஒரே சமயத்தில், சில வருடங்கள் முன்னே பின்னே, எல்லாம் பூக்கின்றன. கடல் மட்டத்தில் மழையில் நிற்கும் என் செடிக்கும், ஐந்து மாதம் பனியில் கிடந்த உங்கள் செடிக்கும் யார் செய்தி சொன்னார்கள் என்று யாருக்கும் தெரியவில்லை. நான் இதை நினைத்து நினைத்து வியக்கிறேன். துக்கத்தின் நடுவிலும் வியப்பாகத்தான் இருக்கிறது.

இலையுதிர் காலத்தில் விதை விழலாம். முளைத்து இடுப்பளவு வர வெகு வருடமாகும்.

சட்டப்படி இது என் கடைசிக் கடிதம். அதனால் மூங்கில் இல்லாத ஒன்றையும் சொல்லிவிடுகிறேன். மே மாதம் மூன்றாம் தேதி எங்களுக்குக் குழந்தை பிறந்தது. இருவரும் நலம். ஜனவரியிலேயே உங்களிடம் சொல்ல வேண்டும் என்று துடித்தேன். எனக்கு அம்மா இல்லை என்று உங்களுக்குத் தெரியும். சந்தோஷம் வந்ததும் யாரிடம் ஓடிப்போய்ச் சொல்வது என்று பார்த்தால், நீங்கள்தான் இருந்தீர்கள். உங்களிடம்தான் சொல்லக் கூடாது.

இதை சில்கெயிடம் சொல்வதா வேண்டாமா என்பதை உங்களிடமே விடுகிறேன். அவளுக்கு வலிக்கும். அதற்காக நான் வருந்துகிறேன் என்று எழுதினால் பொய்யாகிவிடும், வருந்தவில்லை என்று எழுதினாலும் பொய்.

நீங்கள் எனக்குப் பதில் எழுதாவிட்டால் புரிந்துகொள்வேன். முழங்காலை டாக்டரிடம் காட்டுங்கள்.

ஃபால்கோ


ஷ்வார்ஸ்பாக்
2 ஜூன் 1996

அன்புள்ள ஃபால்கோ,

உன் கடிதத்தை நான் சில்கெக்கு வாசித்துக் காட்டினேன். முழுவதையும். பூவைப் பற்றிய பகுதியை நிதானமாக வாசித்தேன், அதற்கடுத்ததை வேகமாக. அவள் சூப் கரண்டியைக் கிண்ணத்தில் வைத்தாள். "ம்" என்றுகூடச் சொல்லவில்லை.

மறுநாள் சனிக்கிழமை. அவள் வெர்னரின் பழைய பூட்ஸை மாட்டிக்கொண்டு, ரம்பத்தை எடுத்துக்கொண்டு தோட்டத்துக்குப் போனாள். "விதை விழற வரைக்கும் இருக்கட்டுமேடி" என்றேன். "வேணாம்மா. சாகறத உக்காந்து பாத்துட்டு இருக்க என்னால முடியாது" என்றாள். ஊலிக் மின்ரம்பத்தைத் தூக்கிக்கொண்டு உதவிக்கு வந்தார். "நீங்க வேலிக்கு அந்தப் பக்கமே நில்லுங்க" என்று அனுப்பிவிட்டாள். ஒவ்வொரு கழியாக, அடியோடு அறுத்தாள். மஞ்சள் தூள் அவள் தலையெல்லாம். நடுவில் ஒரு முறை ரம்பத்தைக் கீழே போட்டுவிட்டு வெட்டின கழிகளுக்கு நடுவில் உட்கார்ந்து அழுதாள். நான் வெளியே போகவில்லை. சில அழுகைகளுக்குப் பக்கத்தில் அம்மா நிற்கக் கூடாது.

நான் சமையலறையில் உருளைக்கிழங்கை உரித்துக்கொண்டு ஒரு வாக்கியத்தை ஒத்திகை பார்த்துக்கொண்டிருந்தேன். "சில்கெ, மூங்கில் போயிடுச்சு, ஆனா நான் அவனுக்கு எழுதத்தான் போறேன். எனக்கு வயசாச்சு, யாருக்கு எழுதணும்னு நானே முடிவு பண்ணுவேன்." இதை எப்படிச் சொன்னாலும் அவளுக்கு அது ஒரு அடிதான். நீயா அவளா என்று வந்தால் நான் அவள் பக்கம்தான், அது உனக்கும் தெரியும், அதற்காக நீ என்னைக் குறை சொல்லமாட்டாய். ஆனாலும் எழுதாமல் இருக்க என்னால் முடியாது என்று அன்றைக்கு நன்றாகத் தெரிந்துவிட்டது. நீ பால்கனிக்கு எழுந்து போனாய் என்று வாசித்தபோது, பின்னாலேயே வந்து நிற்க வேண்டும் என்று தோன்றியது.

சாயங்காலம் அவள் உள்ளே வந்தாள். பூட்ஸைக் கழற்றினாள். குழாயடியில் ரொம்ப நேரம் கையைக் கழுவினாள். நான் வாயைத் திறந்தேன். எனக்கு முதுகைக் காட்டிக்கொண்டே அவள் பேசினாள்:

"மூங்கிலுக்கு ரெண்டு பக்கம் எழுதியிருக்கான். சீனாலேர்ந்து வந்த கதை, டென்மார்க் கதை. கொழந்தைக்கு ஒரு வரி. என்ன கொழந்தைன்னுகூட எழுதல, முட்டாள்."

துண்டை எடுத்துக் கையைத் துடைத்தாள். என்னைத் திரும்பிப் பார்த்தாள். கண் சிவந்திருந்தது. உதட்டோரம் மட்டும் கொஞ்சம் கோணியது.

"கேட்டு எழுதும்மா. தெரியலன்னா உனக்குத் தலை வெடிச்சிடும்."

"உனக்கு?" என்றேன்.

"எனக்கும்தான்" என்று சொல்லிவிட்டு மாடிக்குப் போனாள்.

ஆகவே கேட்கிறேன். உடனே எழுது, இருவரும் காத்திருக்கிறோம். பெண்ணா, பையனா?

உன் அத்தை,
ரோஸ்விதா